ஆறாவது இடத்தில் நான்கு

“என் வீட்டுக்காரர் என்கூடச் சண்டையே போடறதில்ல தம்பி. எல்லாத்துக்கும் இந்த நாலுதான் காரணம்” என்று சொல்லி, அந்த அக்கா ஒரு காகிதத்தைக் கண்ணாடிக்கு அடியில் இருந்த சந்து வழியாக என் பக்கம் தள்ளினார்.

நான் ஜன்னலில் உட்காருகிற ஆளே இல்லை. என் வேலை உள்ளே. ஜன்னல்காரருக்கு முதுகுப் பிடிப்பு என்று பதினைந்து நாள் விடுப்பு. அதனால் உள்ளே இருக்கிற ஆறு பேரும் முறை வைத்துக்கொண்டு மருத்துவமனைப் பதிவேட்டு ஜன்னலில் உட்கார்ந்தோம். எனக்குச் செவ்வாயும் வெள்ளியும் மதியம். வருகிறவர்களைப் பார்த்துச் சிரிக்க வேண்டும் என்று எங்கள் பிரிவுத் தலைவி மேடம் சொல்லியிருந்தார். ரொம்பச் சிரிக்க வேண்டாம், இது ஆஸ்பத்திரி என்றும் சொல்லியிருந்தார். இரண்டுக்கும் நடுவில் நான் ஒரு முகத்தை வைத்துக்கொண்டிருந்தேன். தும்மல் வருதா தம்பி என்று வரிசையில் ஒருவர் அக்கறையாக விசாரித்தார்.

உள்ளே எங்கள் வேலை எண் போடுவது. நோயாளி வீட்டுக்குப் போன பிறகுதான் எங்களிடம் வந்து சேருவார், காகிதமாக. டாக்டர்கள் எழுதியதைப் படித்து ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டைப் போட வேண்டும். ஒரு மனிதனுக்கு என்னென்ன நேரலாமோ அத்தனைக்கும் எண் இருக்கிறது. வாத்து மோதினால் ஓர் எண். ஆமை மோதினால் வேறு எண். அதே ஆமைக் காயத்துக்கு இரண்டாம் தடவை வைத்தியத்துக்கு வந்தால் கடைசி எழுத்து மாறும். ஆமை வந்து மோதுகிறவரை அந்த ஆள் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதற்கும் தனி எண் உண்டு. மூன்றாம் எழுத்துக்குப் பிறகு ஒரு புள்ளி வைக்க வேண்டும். வைக்காவிட்டால் மேடம் அதற்கென்றே வாங்கி வைத்திருக்கும் பச்சைப் பேனாவால் வைப்பார். அதனால் அவர் புள்ளி மேடம்.

மருந்தே நஞ்சானால் குறியீட்டில் மொத்தம் ஏழு இடம். முதல் சில இடங்கள் எந்த மருந்து என்று சொல்லும். நடுவில் ஓர் இடத்தில் சொல்ல விஷயம் இருக்காது. அங்கே பஸ் சீட்டில் துண்டு போடுவதுபோல ஓர் எக்ஸ் போட்டு இடம் பிடிப்போம். ஆறாவது இடத்தில்தான் கதை. தெரியாமல் நடந்தால் ஒன்று. தானே செய்துகொண்டால் இரண்டு. அடுத்தவர் செய்தால் மூன்று. எதுவென்று தீர்மானிக்கவே முடியாவிட்டால் நான்கு.

அக்காவின் காகிதம் இரண்டு வருடத்துக்கு முந்தைய டிஸ்சார்ஜ் சுருக்கம். மடிப்பில் கிழிந்து, முதுகில் செல்லோடேப் ஒட்டிக்கொண்டு, நோயாளியைவிட மோசமான நிலைமையில் இருந்தது. தூக்க மாத்திரை நஞ்சு என்று ஒரு வரி. அதன் கீழே எண். எண்ணுக்குக் கீழே கம்ப்யூட்டர் தானாகவே அச்சடிக்கிற விளக்கம்: ‘நோக்கம் - தீர்மானிக்க இயலவில்லை.’

“இதை மாத்தித் தரணும்” என்றார் அக்கா.

“அப்படி நினைச்சா மாத்திட முடியாதுக்கா.”

“நினைச்சு மாத்தச் சொல்லலை. விசாரிச்சு மாத்துங்க. ஆமா, உங்க கண்ணாடி இடப்பக்கம் இறங்கியிருக்கே, எத்தனை மாசமா?”

“அது அப்படியேதான்…”

“கழட்டிக் குடுங்க.”

பெரிய சாலையில் மூக்குக்கண்ணாடிக் கடையில் பதினாலு வருடமாக வேலை என்றார். கைப்பையிலிருந்து சுண்டுவிரல் அளவு திருப்புளியை எடுத்தார். நான் கண்ணாடியைச் சந்து வழியாகக் கொடுத்துவிட்டேன். ஆகவே அக்காவின் கதையை நான் முகம் தெரியாமல்தான் கேட்டேன். எதிரில் மாநிறமாக ஒரு கலங்கல், நீலமாக ஒரு கலங்கல், அவ்வளவுதான்.

“அவர் லிஃப்ட் மெக்கானிக். முன்னாடியெல்லாம் வாரத்துக்கு நாலு சண்டை. ஃபேன் மூணுல சுத்தணுமா நாலுல சுத்தணுமான்னு ஒரு சண்டை, நாலு வருஷம் ஓடிச்சு. பேஸ்ட்டை நடுவுல அமுக்கறேன்னு ஒண்ணு. கத்துவாரு பாருங்க, மேல் வீட்டுக்காரங்க டிவியை நிறுத்திட்டுக் கேப்பாங்க. அப்புறம் செவுத்தைப் பாத்து திரும்பிப் படுத்துக்குவாரு. காலைல எழுந்தா தலைமாட்டுல டீ இருக்கும். ஒரு வார்த்தை பேச மாட்டாரு. டீயில மட்டும் ரெண்டு ஸ்பூன் சர்க்கரை அதிகமா இருக்கும். அதான் மன்னிப்பு. எனக்கு அந்த டீ பிடிக்கவே பிடிக்காது. குடிச்சிடுவேன்.”

“இப்ப?”

“இப்பவும் டீ போட்டுத் தர்றாரு. தினமும். சர்க்கரை சரியா இருக்கு தம்பி. கொடுமை.”

திருப்புளி கிர்ரென்றது.

“ஆஸ்பத்திரியில இருந்து வந்த நாள்லேருந்து இப்படி. அன்னிக்கு இந்தப் பேப்பரைப் படிச்சாரு. மடிச்சு பீரோவுல வச்சாரு. மறுநாள் பாத்ரூம் தாப்பாளைக் கழட்டிட்டாரு. துருப்பிடிச்சுடுச்சாம். அப்புறம் மருந்து டப்பாவுக்குப் பூட்டு. பல்வலிக்கு ஒரு மாத்திரை வேணும்னாக்கூட அவரே எடுத்துத் தந்து, நான் முழுங்கற வரைக்கும் நின்னுட்டுப் போவாரு. திட்டறதில்ல. குரலை ஒசத்தறதில்ல. ‘சாப்பிட்டியாம்மா, தண்ணி குடிச்சியாம்மா, களைப்பா இருக்காம்மா.’ கடையில புதுசா கண்ணாடி வாங்க வர்றவங்ககிட்ட நான் பேசற பேச்சு அது. வீட்டுல யாராவது பேசுவாங்களா?”

“நல்லவராத்தானே இருக்காரு” என்றேன். சொன்ன பிறகுதான் அக்காவின் புகாரே அதுதான் என்று உறைத்தது.

“நானும் என்னென்னவோ பண்ணிப் பாத்துட்டேன். அவர் சாய்வு பாக்கற ரசமட்டத்தை வாஷிங் மெஷின்ல போட்டேன். ‘பரவாயில்லம்மா, வேற வாங்கிக்கலாம்’. ‘உங்க அக்கா பேச ஆரம்பிச்சா செவுத்துப் பல்லி வேற வீடு பாக்கும்’னு அவர் முகத்துக்கு நேரா சொன்னேன். என்ன சொன்னாரு தெரியுமா? ‘ஆமாம்மா, கொஞ்சம் அதிகமாத்தான் பேசுவா.’ கூடப்பொறந்தவளை விட்டுக்குடுத்துட்டாரு தம்பி!”

கண்ணாடி சந்து வழியாகத் திரும்பி வந்தது. போட்டுக்கொண்டேன். அக்காவுக்கு நாற்பது வயது இருக்கும். சிரித்துக்கொண்டு சொல்கிறார் என்று நினைத்திருந்தேன். சிரிப்பு எதுவும் இல்லை.

“அவருக்கு என்மேல பயம். என்னை ஏதோ மேலே கயிறு அறுந்துபோன லிஃப்ட் மாதிரி பாக்கறாரு. அவர் பக்கத்துலதான் இருக்காரு, எனக்கு அவரைப் பாக்கணும்போல இருக்கு. இதை யார்கிட்ட போய்ச் சொல்றது? இதுல ‘தெரியாம நடந்தது’ன்னு ஒரு வார்த்தை இருந்துட்டா பழையபடி ஆயிடுவாரு. படிச்சவங்க எழுதினதை நம்பற மனுஷன்.”

வெள்ளிக்கிழமை வாருங்கள், பார்த்துச் சொல்கிறேன் என்றேன். எழுந்து போனவர், போகிற போக்கில் ஜன்னல் கண்ணாடியைத் தட்டி, “ராத்திரி கழட்டறப்ப ரெண்டு கையாலயும் கழட்டுங்க” என்றார்.

ஜன்னலை மூடியதும் உள்ளே போய்க் கோப்பைத் திறந்தேன். யார் எண் போட்டது என்பது திரையின் அடியில் சின்ன எழுத்தில் இருக்கும். யாராவது பழைய ஆளாக இருப்பார், வேலையை விட்டுப் போயிருப்பார், அவரை நன்றாகத் திட்டிக்கொண்டு வேலையை முடிக்கலாம் என்று பார்த்தால், என் பெயரின் முதலெழுத்துகள் இருந்தன. நான் வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் வாரம்.

கோப்பை ஒரு வரி விடாமல் படித்தேன். காலையில் மயக்க நிலையில் கணவர் அழைத்து வந்தார். தூக்க மாத்திரை அளவுக்கு மேல். கொடுத்த வைத்தியம், ரத்த அழுத்தம் மணிவாரியாக. மனநல மருத்துவர் பார்க்க வேண்டும் என்று ஒரு வரி. அவர் அந்த வாரம் விடுப்பு என்று அதன் பக்கத்தில் இன்னொரு கையெழுத்து. இரண்டாம் நாள் நடந்தார், சாப்பிட்டார். மூன்றாம் நாள் வீடு. தெரியாமல் நடந்ததா, தெரிந்து நடந்ததா என்று ஒருவர்கூட ஒரு வார்த்தை எழுதவில்லை. பன்னிரண்டு பக்கத்தில் சிறுநீர் அளவு மட்டும் ஒன்பது இடத்தில் இருந்தது.

“என்ன, கோப்பையே முறைச்சுக்கிட்டு இருக்க?” என்று பின்னால் வந்து நின்றார் புள்ளி மேடம்.

சொன்னேன்.

“தீர்மானிக்க முடியலைன்னு டாக்டர் எழுதியிருக்காரா?”

“இல்ல மேடம். ஒண்ணுமே எழுதலை.”

“அப்புறம் நாலு எங்கேருந்து வந்துச்சு?”

“யாருக்கும் தெரியலையேன்னு…”

“யாருக்கும் தெரியலைங்கறது வேற. நான் பாத்தேன், கேட்டேன், என்னால சொல்ல முடியலைன்னு ஒரு டாக்டர் எழுதிக் கையெழுத்துப் போடறது வேற. அவர் எழுதினாத்தான் நாலு. யாரும் வாயே திறக்கலைன்னா ஒண்ணு. தானா நடந்ததுன்னு எடுத்துக்கணும். புஸ்தகத்துல மொத அத்தியாயத்துலயே இருக்கு. பரீட்சையில இந்தப் பகுதியில உனக்கு எத்தனை மார்க்?”

“முழு மார்க் மேடம்.”

“அதான் கேட்டேன்.”

டாக்டரிடம் விளக்கம் கேட்டு எழுதலாமா என்றேன். அவர் எப்போதோ வேறு நாட்டுக்குப் போய்விட்டார். அவர் திரும்பி வந்தாலும் அந்த மூன்று நாளில் பார்த்த நூற்றுச் சொச்சம் பேரில் இவரை எங்கே நினைவு வைத்திருப்பார்? தவறு நம் பக்கம், நாமே திருத்தலாம் என்று மேடம் ஒரு படிவத்தை நீட்டினார். ‘தவறுக்கான காரணம்’ என்று ஒரு கட்டம். ‘மனிதனைப்போல யோசித்துவிட்டேன்’ என்று எழுதினேன். மேடம் அதைப் பச்சைப் பேனாவால் அடித்துவிட்டு, ‘பயிற்சிக் குறைவு’ என்று எழுதி ஒரு புள்ளி வைத்தார்.

அன்று மாலை அறைக்குப் போகிற வழியெல்லாம் எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாகவே இருந்தது. ஓர் எண்ணை மாற்றி ஒரு குடும்பத்தில் சண்டையை உண்டாக்கப்போகிறேன், எத்தனை பேருக்கு இந்த வாய்ப்பு கிடைக்கும்? என்னோடு சண்டை போட அந்த ஊரில் ஆளே கிடையாது. அறைத்தோழனுக்கு நேரம் மாறிய வேலை. நானும் அவனும் சந்தித்துக்கொள்வது கொடியில்தான், அவன் சட்டையும் என் சட்டையுமாக. ஒரு வருடமாக என் சோப்பை அவன்தான் தீர்க்கிறான் என்று சந்தேகம். கேட்டுவிடலாம் என்று பார்த்தால் ஆளைப் பிடிக்க முடியவில்லை. அக்கா சொன்ன அந்தச் சர்க்கரை டீயை நினைத்துக்கொண்டே படுத்தேன். கண்ணாடியை இரண்டு கையாலும் கழற்றி வைத்தேன்.

வெள்ளிக்கிழமை நாலரைக்குக் கொஞ்சம் முன்னால் அக்கா வந்தார். வரிசையில் கடைசியாக ஒரு டோக்கன்காரர் மட்டும் நாற்காலியில் தூங்கிக்கொண்டிருந்தார். புதுத் தாளை நீட்டினேன். மையின் சூடு இன்னும் இருந்தது. ‘நோக்கம் - இல்லை. தற்செயலாக நேர்ந்தது.’

அக்கா அதை ஒரு தரம் படித்தார். கடையில் பவர் எண்ணைச் சரிபார்க்கிற மாதிரி, காகிதத்தைத் தள்ளிப் பிடித்து இன்னொரு தரம் படித்தார்.

“எப்படிக் கண்டுபிடிச்சீங்க?”

இந்த இடத்தில் வாயை மூடிக்கொண்டு, நன்றி வாங்கிக்கொண்டு, ஜன்னலை மூடியிருக்கலாம். அதற்கு வேறு பயிற்சி வேண்டும்.

“கண்டுபிடிக்கலைக்கா. அதான் விதி. எதனாலன்னு யாரும் ஒண்ணும் எழுதலைன்னா ஒண்ணு போடணும். நாலு போட்டது தப்பு.”

“யாரும் ஒண்ணும் எழுதலையா?”

“இல்லைக்கா.”

“அப்ப நாலு போட்டது யாரு?”

“நான்தான்.”

அக்கா கோபப்படுவார் என்று எதிர்பார்த்து நாற்காலியைக் கொஞ்சம் பின்னுக்குத் தள்ளியும் வைத்தேன். அவர் கோபப்படவில்லை. பழைய தாளையும் புதுத் தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“நான் என்ன நினைச்சுக்கிட்டு இருந்தேன் தெரியுமா? இங்க ஒரு ரூம்ல டாக்டருங்க நாலஞ்சு பேர் உக்காந்து, இந்தப் பொம்பளைக்கு என்ன ஆச்சு, வேணும்னு பண்ணினாளா, ஏன் பண்ணினா, வீட்டுல என்ன கஷ்டமோன்னு எல்லாம் பேசி, கடைசில ஒண்ணும் பிடிபடாம ‘தீர்மானிக்க இயலவில்லை’ன்னு எழுதினாங்கன்னு நினைச்சேன். எனக்கு அந்த நாலுமேல கோபம்தான். ஆனா என்னைப் பத்தி யாரோ அவ்வளவு நேரம் யோசிச்சிருக்காங்களேன்னு… அதை நினைச்சா கொஞ்சம் ஆறுதலாவும் இருக்கும்.”

நான் மேஜையில் இருந்த ஸ்டேப்ளரை எடுத்து நேராக வைத்தேன்.

“நீங்க எவ்வளவு நேரம் யோசிச்சீங்க தம்பி?”

கோப்பு எவ்வளவு நேரம் திறந்திருந்தது என்று கம்ப்யூட்டர் குறித்து வைக்கும். நான் அதையும் பார்த்திருந்தேன். “பதினோரு நிமிஷம்” என்றேன். எக்ஸ் எந்த இடத்தில் போடுவது என்று தேடியதற்கே அதில் பாதி போனதைச் சொல்லவில்லை.

“பதினோரு நிமிஷம்” என்றார் அக்கா, குறைத்துச் சொல்லவும் இல்லை, கூட்டிச் சொல்லவும் இல்லை. “ஆஸ்பத்திரியில யாரும் என்கிட்ட கேக்கலை. சரி, அவங்களுக்கு ஆயிரம் வேலை. வீட்டுலயும் கேக்கலை. ரெண்டு வருஷமா என்னைச் சுத்திச் சுத்தி வர்றாரு, கேக்க மட்டும் மாட்டேங்கறாரு.”

அப்போது மாடிப்படியில் தடதடவென்று ஓசை. சாம்பல் நிறச் சீருடையில், இடுப்பில் சாவிக்கொத்தோடு ஒருவர் மூச்சு வாங்க வந்து நின்றார். கீழே வண்டியோடு காத்திருந்த கணவர்தான். எங்கள் கட்டடத்தில் லிஃப்ட் இருக்கிறது. வேறு கம்பெனி பராமரிப்பு என்பதால் அவர் அதில் ஏற மாட்டாராம். அக்கா பிறகு வந்த சண்டையில் அதையும் சேர்த்துச் சொன்னார்.

“நேரமாயிடுச்சேன்னு பாத்தேம்மா. ஒண்ணும் இல்லையே?”

அக்கா புதுத் தாளை நீட்டினார். லிஃப்ட்காரர் வாங்கிப் படித்தார். நான் அவர் முகத்தையே பார்த்தேன். ஒரு நிமிடம் அதில் ஏதோ மேலே ஏறி வந்தது, பாதி மாடியில் நின்றுவிட்டது. தாளை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்தார்.

“நல்லதும்மா. ரொம்ப நல்லது. போலாமா? தண்ணி குடிச்சியா?”

அக்கா அங்கிருந்த நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

“கேளுங்க” என்றார்.

“என்னம்மா கேக்கணும்?”

“ரெண்டு வருஷமா கேக்காம வச்சிருக்கீங்களே, அதைக் கேளுங்க.”

லிஃப்ட்காரர் என்னைப் பார்த்தார், தூங்குகிற டோக்கன்காரரைப் பார்த்தார். “வீட்டுல போய்ப் பேசிக்கலாம்மா.”

“வீட்டுல நீங்க பேச மாட்டீங்க. தாப்பாளைத்தான் கழட்டுவீங்க. இங்கயே கேளுங்க.”

 அவர் சாவிக்கொத்தைப் பிடித்துக்கொண்டார். பிறகு தணிந்த குரலில், “நீ வேணும்னு பண்ணலைதானேம்மா?” என்றார்.

“அப்படிக் கேக்கக் கூடாது சார்” என்றேன் நான்.

சத்தியமாக நான் குறுக்கிட நினைக்கவில்லை. அது வேலைப் பழக்கம். டாக்டரிடம் விளக்கம் கேட்டு எழுதும்போது பதிலை உள்ளே வைத்துக் கேள்வி கேட்டால் புள்ளி மேடம் தாளை முகத்தில் எறிவார். இரண்டு வருடமாக எறிந்திருக்கிறார். வார்த்தை தானாக வந்துவிட்டது.

லிஃப்ட்காரர் என்னை முதல் தடவையாக முழுதாகப் பார்த்தார். “என்ன?”

“பதிலை நீங்களே உள்ள வச்சுக் கேக்கறீங்க சார். அப்படிக் கேட்டா அவங்க இல்லைன்னுதான் சொல்லுவாங்க. என்ன ஆச்சுன்னு மட்டும்தான் கேக்கணும்.”

“நீ யாருய்யா?”

“நாலு போட்டவன்.”

அவர் அடிக்க வருவாரோ என்றுகூடத் தோன்றியது. நடுவில் கண்ணாடி இருந்ததால் தைரியமாக உட்கார்ந்திருந்தேன். அவர் வரவில்லை. அக்காவுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து, தரையைப் பார்த்துக்கொண்டு, “என்னதான் ஆச்சு அன்னிக்கு?” என்றார்.

 இரண்டு வருடமாகத் தயாராக வைத்திருந்த பதிலை இப்போது காணவில்லை என்பதுபோல அக்கா கைப்பையைத் திறந்தார், மூடினார்.

“தூக்கம் வரலை. ஒரு மாசமாவே வரலை. அன்னிக்கு எப்படியாவது தூங்கணும்னு போட்டேன். வரலை. இன்னும் போட்டேன். எத்தனைன்னு எண்ணலை. நடுவுல ஒரு தடவை, நாளைக்கு எழுந்திருக்கலைன்னா என்ன இப்பன்னு தோணிச்சு. ஒரே தடவைதான். காலைல பால் பாக்கெட் எடுத்து வைக்கணும், வெயில்ல கெட்டுடும்னும் தோணிச்சு. இதுல எது முதல்ல தோணிச்சு, எது அப்புறம் தோணிச்சு, எதுக்கு நடுவுல போட்டேன், எனக்கு ஞாபகம் இல்லைங்க. நானும் யோசிச்சுப் பாத்துட்டேன். எனக்கே தெரியலை.”

நான் திரையைப் பார்த்தேன். ஒன்று என்று இருந்தது. விதிப்படி அது சரி. தப்பாக நான் போட்ட நான்குதான் உண்மை. ஜன்னலில் நோயாளி சொன்னதை ஆவணமாக எடுத்துக்கொள்ளக் கூடாது என்பதும் விதி. கையை விசைப்பலகையிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.

 லிஃப்ட்காரர் மெதுவாகத்தான் ஆரம்பித்தார்.

“தூக்கம் வரலைன்னா என்னை எழுப்ப வேண்டியதுதானே.”

“நீங்க ஏதோ பில்டிங்ல மாட்டிக்கிட்டவங்களை எடுத்துட்டு அப்பத்தான் வந்து படுத்தீங்க. அசந்து தூங்கினீங்க.”

“அதுக்கு?”

“பாவம்னு விட்டுட்டேன்.”

“பாவமா?” அவர் எழுந்துவிட்டார். “ஏன்டி, எவன் எவனோ எங்கெங்கயோ மாட்டிக்கிட்டு பெல் அடிச்சா சாப்பிட்ட கையைக் கழுவாம ஓடறவன்டி நான். மூணாம் மாடிக்கும் நாலாம் மாடிக்கும் நடுவுல ஒரு பூனை மாட்டினதுக்கெல்லாம் போயிருக்கேன். பக்கத்துல படுத்திருக்கேன், கை நீட்டினா எட்டற தூரம், என்னை ஒரு தட்டு தட்ட உனக்கு மனசு வரலையா?”

“கத்தாதீங்க, ஆஸ்பத்திரி.”

“கத்துவேன்! எழுந்திருக்கலைன்னா என்னன்னு தோணிச்சாமே. பாலைப் பத்தித் தோணிச்சாமே. நான் ஒருத்தன் இருக்கறது தோணலையா? அரை லிட்டர் பாலுக்கு இருக்கற மரியாதை எனக்கு இல்லையா?”

“பால் கெட்டுப்போகும். நீங்க கெட்டா போவீங்க?”

“போனேன்டி! ரெண்டு வருஷமாக் கெட்டுத்தான் போயிருக்கேன். நீ மூச்சு விடறியான்னு பாக்கறதுக்கே ராத்திரி மூணு தடவை எழுந்திருக்கறேன்.”

“அதான் எனக்கு இப்பவும் சரியா தூக்கம் வரலை. முகத்துகிட்ட வந்து குனிஞ்சு நின்னா யாருக்கு வரும்? பேய் மாதிரி!”

“இதை அப்பவே சொல்றதுக்கென்ன? வாயில என்ன வச்சிருந்த?”

“நீங்க கேட்டீங்களா?”

“கேட்டா நீ ஆமான்னு சொல்லிட்டீன்னா நான் என்ன பண்றது?”

இதை மட்டும் அவர் கத்தாமல் சொன்னார்.  டோக்கன்காரர் விழித்துக்கொண்டு, நியாயமாக, இரண்டு பக்கமும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“நாளைக்கே டாக்டரைப் பாக்கறோம்” என்றார் லிஃப்ட்காரர், மறுபடி குரல் ஏறி. “தூக்கத்துக்கு இல்ல. இதுக்கெல்லாம் உக்காந்து கேக்கறவங்க இருப்பாங்கல்ல, அவங்களை. நானும் வர்றேன்.”

“நீங்க வேண்டாம். நான் பேசணும்னா நீங்க வெளிய உக்காரணும்.”

“ஏன், என்னைப் பத்தி என்ன சொல்லப்போற?”

“ஃபேன் விஷயத்துலேருந்து ஆரம்பிப்பேன்.”

“மூணுதான் சரின்னு எந்த டாக்டரும் சொல்லுவான்!”

உள்கதவைத் திறந்துகொண்டு புள்ளி மேடம் வந்தார். என்ன கூச்சல் என்று கேட்க வாயைத் திறந்தவர், அந்த இரண்டு பேரையும் பார்த்தார், என்னைப் பார்த்தார், திறந்த வாயை மூடிக்கொண்டு திரும்பிப் போய்விட்டார். அவர் ஒரு விஷயத்தைத் திருத்தாமல் விட்டு நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

படியில் இறங்கும்போதும் சண்டை ஓயவில்லை. ஒவ்வொரு திருப்பத்திலும் குரல் கொஞ்சம் தேய்ந்து, மறுபடி சுவரில் மோதித் திரும்பி வந்தது. தன் அக்காவைப் பற்றி மனைவி சொன்ன பல்லி விஷயத்துக்கு அப்போதுதான் லிஃப்ட்காரருக்கு ரோஷம் வந்தது. எனக்கு எழுந்து பின்னாலேயே போக வேண்டும்போல இருந்தது. என்ன சொல்வது என்று தெரியாது. யாராவது என்னையும் சேர்த்துத் திட்டினால் போதும் என்று இருந்தது.

“தம்பி, என் டோக்கன்…” என்றார் டோக்கன்காரர்.

“ஒரு நிமிஷம் சார்” என்று எழுந்து பின்பக்க ஜன்னலுக்குப் போனேன். அங்கிருந்து வண்டி நிறுத்துமிடம் தெரியும். அவரும் கவுண்டரைச் சுற்றிக்கொண்டு வந்து என் பக்கத்தில் நின்றார். உள்ளே வரக் கூடாது என்று சொல்ல வேண்டும். சொல்லவில்லை.

கீழே அக்கா வண்டியில் ஏற மறுத்துக்கொண்டிருந்தார். லிஃப்ட்காரர் பின் சீட்டைக் காட்டி ஏதோ சொன்னார். அக்கா கையை உதறி ஏதோ சொன்னார். கண்ணாடி மூடியிருந்ததால் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு அக்கா கைப்பையைத் தோளில் ஏற்றிக்கொண்டு வாசலைப் பார்த்து விடுவிடுவென்று நடக்க ஆரம்பித்தார். லிஃப்ட்காரர் ஓர் அடி பின்னால் ஓடினார், நின்றார். ஹெல்மெட்டைக் கழற்றி இடுப்பில் வைத்துக்கொண்டு, அக்கா தனியாகப் போவதைப் பார்த்துக்கொண்டு நின்றார். அத்தனை தூரம் அவர் மனைவியைத் தனியே விட்டு ரொம்ப நாள் ஆகியிருக்கும். வாசலுக்குப் பாதி வழியில் அக்கா திரும்பி, நின்ற இடத்திலிருந்தே இன்னும் ஏதோ கத்தினார். அவரும் கத்தினார். அக்கா மறுபடி வாசலை நோக்கி நடந்தார்.

லிஃப்ட்காரர் வண்டியைக் கிளப்பவில்லை. உருட்டிக்கொண்டே பின்னால் போனார், பேசிக்கொண்டே. அக்கா நடையைக் குறைக்கவில்லை.